கண்டக்டரின் குகை

"விளையாட்டுதானே" என்று இனி என் காதுபட யாராவது சொன்னால், அவர் கையில் இருப்பது எதுவானாலும் பிடுங்கித் தண்ணீர்த் தொட்டியில் போடுவேன். பிறகு பக்கத்தில் உட்கார்ந்து, "சாமான்தானே" என்று ஆறுதல் சொல்வேன்.

வீடுகளுக்குப் போய் நோயாளிகளைப் பார்த்துக்கொள்வது என் வேலை. முறையாகப் பயிற்சி எடுத்தவள். கண்டக்டர் வீட்டில், அவருடைய தம்பி மனைவி என்னை முதல் நாளே "ஆயாம்மா" என்று கூப்பிட்டார். நான் திருத்தவில்லை. எல்லாரையும் திருத்திக்கொண்டிருந்தால் வாய்தான் வலிக்கும். கட்டிலிலிருந்து ஒரு குரல் வந்தது.

"சிஸ்டர்னு கூப்பிடு. படிச்சிட்டு வந்திருக்காங்க. டிரைவரைப் போய் கிளீனர்னு கூப்பிடுவியா?"

அதுதான் கண்டக்டர். வேலை பார்த்த காலமெல்லாம் பேருந்தில் டிக்கெட் கிழித்தவர். அவருக்கு ஒரு பேர் இருந்ததையே வீடும் தெருவும் மறந்துவிட்டன; மருத்துவர்கூட "வாங்க கண்டக்டர்" என்பார். வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு பயணி, "பொம்பளை விசில் ஊதினா வண்டி நகருமா?" என்று கேட்டாராம். இவர் அவர் காதருகே போய் ஊதினாராம். வண்டி நகர்ந்தது. அந்த ஆள் அடுத்த நிறுத்தத்தில் இறங்கிக்கொண்டார்.

நின்றே தேய்ந்த கால்கள். சர்க்கரை வேறு. பாதத்தில் வந்த புண்ணைத் துணி சுற்றி மறைத்துக்கொண்டு டியூட்டி பார்த்திருக்கிறார். மருத்துவமனைக்குப் போனபோது முழங்காலுக்குக் கீழே எடுப்பதைத் தவிர வேறு வழியில்லை. எனக்கு வந்த கோபத்தை நான் ஒளிக்கவில்லை.

"புண்ணு வந்த அன்னைக்கே காட்டியிருக்கலாமே."

"பாதி வழியில வண்டியை நிறுத்த முடியுமா சிஸ்டர்?"

"நிறுத்தலை. இப்ப பாதிக் காலோட நிக்குது."

அவர் வயிறு குலுங்கச் சிரித்தார். இவரோடு ஒத்துப்போகும் என்று அப்போதே எனக்குத் தெரிந்தது.

ஒத்துப்போகாதது அந்த வீடு. கண்டக்டரின் கட்டிலை ஹாலில் போட்டிருந்தார்கள். தலைமாட்டில் குளிர்சாதனப் பெட்டி, கால்மாட்டில் செருப்பு அலமாரி, எதிரே டிவி. தண்ணீர் எடுக்க வருபவர் தலைக்கு மேலே கதவைத் திறப்பார். செருப்பு மாட்டுபவர் கட்டிலில்தான் உட்காருவார். விருந்தாளிகள் அவர் போர்வையின் மேலேயே உட்கார்ந்து டீ குடிப்பார்கள். பெட்பான் வைக்கும்போது ஒரு கையால் அதையும் மறு கையால் விரித்த பெட்ஷீட்டையும் நான் பிடிக்க வேண்டும். ஒருமுறை கூரியர்காரர் வாசலில் நின்றபடி, "கையெழுத்து யார் போடுவீங்க?" என்று கேட்டார்.

படுக்கையில் இருப்பவரைத் தொடுவதற்கு முன்னால் கதவைச் சாத்து. எங்களுக்குச் சொல்லிக் கொடுத்த முதல் பாடம் அது. சாத்துவதற்குக் கதவு வேண்டுமே.

கதவு இருந்தது. ஹாலை ஒட்டி ஒரு சிறிய அறை, ஜன்னலோடு. வீடு கட்டும்போது கண்டக்டருக்கென்றே போட்ட அறை. அவர் டிப்போ ஓய்வறையிலும் வண்டியிலுமாகக் காலத்தைக் கழித்ததால் அறை காலியாகக் கிடந்தது. தம்பிக்கு வாட்டர் ஃபில்டர் விற்கிற தொழில். ஒரு பெட்டி உள்ளே போனது, பின்னாலேயே நூறு போயின. ஆக, அட்டைப் பெட்டிகளுக்குக் கதவும் ஜன்னலும் உண்டு, மனுஷிக்குப் பெட்ஷீட்.

இந்த ஹாலில்தான் அவர் கைக்கு அந்த வீடியோ கேம் வந்தது. தம்பி மகன் வேலைக்கு வெளியூர் போனபோது விட்டுப்போன கையடக்கக் கருவி. பொழுது போகாமல் எடுத்தவர் பிறகு விடவில்லை. காடு மேடெல்லாம் அலைந்து விசித்திரமான ஜந்துக்களைப் பிடித்து, பழக்கி, சண்டைக்கு விட வேண்டும். கண்டக்டர் தான் பிடித்தவற்றுக்கெல்லாம் டிப்போ ஆட்களின் பட்டத்தை வைத்தார். எங்கிருந்தோ பறந்து வந்து தலையில் இறங்குவது 'செக்கிங்'. வயிறு வீங்கிய தவளை 'மேனேஜர்'.

ஆனால் ஜந்து பிடிப்பதெல்லாம் அவருக்குச் சாக்கு. அந்த விளையாட்டில் மலையைக் குடைந்து நமக்கென்று ஒரு மறைவிடம் அமைத்துக்கொள்ளலாம். அதற்குத்தான் அவர் ஆடினார். சண்டையில் ஜெயித்தால் சாமான் கிடைக்கும். சாமானைக் குகைக்குள் கொண்டுபோய் வைக்கலாம். எல்லாரும் ஊருக்குப் பக்கத்தில் குகை பிடிப்பார்களாம். இவர் அருவிக்குப் பின்னால், பாறை ஏறும் ஜந்து இல்லாமல் போகவே முடியாத ஒரு பிளவைப் பிடித்தார்.

"ஏன் இவ்வளவு தூரம்?" என்றேன்.

"பஸ் போகாத இடமா பார்த்தேன் சிஸ்டர்."

உள்ளே சிவப்பு வட்டக் கம்பளம். ஒரு மேசை. ஒரே ஒரு நாற்காலி. இன்னொன்று ஜெயித்ததை விற்றுவிட்டார். மூலையில் உயரமான செடி. வாசலில் காவலுக்கு மேனேஜரின் பொம்மை. சுவரில் ஜன்னல் படம். கட்டில் வைக்கவே இல்லை. விதவிதமான கட்டில் கிடைத்தும் வைக்கவில்லை. ஒரு மதியம் முழுக்க அந்த நாற்காலியை ஒரு கட்டம் தள்ளி, திரும்ப இழுத்து, மறுபடி தள்ளிப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் கையில் இரத்த அழுத்தக் கருவியைக் கட்டினேன். வாரக்கணக்கில் இறங்காத அளவு இறங்கியிருந்தது. நான் இதையெல்லாம் நம்புகிறவள் இல்லை. ஆனால் கருவி பொய் சொல்லாது.

குகைக்கு வருகிறவர்களை வரவேற்க ஒரு வாசகம் எழுதலாம். கண்டக்டர் ஆங்கில எழுத்தில் தமிழை அடித்து வைத்திருந்தார்: "உள்ள இடமில்ல. அடுத்த வண்டியில வாங்க."

யார் வரப் போகிறார்கள்? ஒருவர் வந்தார். காலுக்குப் பயிற்சி கொடுக்க வரும் பிசியோ இளைஞர் அதே விளையாட்டை ஆடுகிறவர். இரண்டு கருவிகளையும் இணைத்தால் ஒருவர் குகை மற்றவர் கருவியிலும் பதிவாகும் என்று அவர்தான் சொல்லி, இணைத்தும் விட்டார். கண்டக்டர் அவருடைய குகையைச் சுற்றிப் பார்த்துவிட்டு, "என்னங்க இது, காயலான் கடையா?" என்றார்.

இனி தம்பியின் திருப்பணி.

தம்பிக்கு உலகத்தின் எல்லா நோய்க்கும் ஒரே மருந்துதான்: கழற்று, கழுவு, புதுசு போடு. ஃபில்டருக்கு அது சரி. மாமியாரின் காது கேட்கும் கருவியையும் அப்படித்தான் கழுவினாராம். அந்த அம்மாள் இப்போது சைகையில் பேசுகிறார். கண்டக்டர் பேச்சுவாக்கில் அவரிடம், "இது கொஞ்சம் மெதுவா ஓடுதுடா" என்று சொல்லியிருக்கிறார். நான் கண்டக்டரைக் குளியலறையில் வைத்துக் குளிப்பாட்டிக்கொண்டிருந்த நேரத்தில் தம்பி காரியத்தை முடித்துவிட்டார். நாங்கள் வெளியே வந்தபோது முகமெல்லாம் பல்லாக நின்றார்.

"அக்கா, சரி பண்ணிட்டேன். உள்ள பழைய குப்பையா அடைச்சிருந்துச்சு. எல்லாத்தையும் அழிச்சு மொத்தமா கழுவி விட்டுட்டேன். இப்பப் பாரு, சும்மா பிச்சுக்கிட்டு ஓடும்."

கண்டக்டர் ஈரக் கையைத் துடைத்துவிட்டு வாங்கினார். திரையைப் பார்த்தார்.

"பேர் கேக்குதுடா."

"புதுசுல்ல, கேக்கத்தான் செய்யும்."

"என் குகை எங்க?"

"என்ன குகை?"

கண்டக்டர் பொத்தானை அழுத்தி அழுத்திப் பார்த்தார். சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்த தம்பி மனைவி, "பொம்மை வீடு போயிடுச்சா அண்ணி? அதுக்கா இப்படி உட்கார்ந்திருக்கீங்க?" என்று சிரித்தார். தம்பி, "விளையாட்டுதானே அக்கா. மறுபடி ஆடினா போச்சு" என்றார்.

எனக்கு உச்சந்தலைக்கு ஏறியது.

"சார், உங்க ஸ்டாக்கை எல்லாம் நான் நாளைக்குத் தெருவுல கொட்டிட்டு, மறுபடி வாங்கிக்கங்கன்னு சொல்லட்டுமா?"

"அதுவும் இதுவும் ஒண்ணா? அது தொழில்."

"இந்த வீட்டுல அவங்களைக் கேட்டு வைக்க, அவங்களைக் கேட்டு எடுக்கன்னு இருந்த இடம் அது ஒண்ணுதான். அதையும் கேக்காம எடுத்திருக்கீங்க."

"ஆயாம்மா ரொம்பப் பேசுறாங்க" என்றார் தம்பி மனைவி, கணவரிடம். என்னிடம் சொல்லும் தைரியம் இல்லை.

அன்று கண்டக்டர் சாப்பிட்டார், மாத்திரை போட்டார், சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டார். அழவில்லை. அழுதிருந்தால் எனக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும். குளிர்சாதனப் பெட்டி தலைக்கு மேலே வழக்கம்போல் திறந்தது, மூடியது.

பிசியோ இளைஞர் தன் முறைக்கு வந்தார். விஷயத்தைக் கேட்டதும் பையிலிருந்து தன் கருவியை எடுத்தார்.

"உங்க குகை என்கிட்ட இருக்கே கண்டக்டரம்மா! அன்னைக்கு இணைச்சோமே?"

கண்டக்டர் எழுந்து உட்கார்ந்தார். திரையில் அருவி, பாறை, பிளவு. உள்ளே அதே சிவப்புக் கம்பளம், மேசை, செடி, மேனேஜர். நடுவில் கண்டக்டரின் உருவம். பொம்மைக்கு இரண்டு காலும் இருந்தன. பக்கத்தில் போய்ப் பொத்தானை அழுத்தியதும் அந்த உருவம் அவரிடமே சொன்னது: உள்ள இடமில்ல. அடுத்த வண்டியில வாங்க.

கண்டக்டருக்குச் சிரிப்பு வந்தது. திரையில் நாற்காலியருகே போனார். அதை நகர்த்தப் பார்த்தார். நகரவில்லை.

"அது முடியாதுங்க. பார்க்கலாம், உட்காரலாம். சொந்தக்காரங்க மட்டும்தான் மாத்தி வைக்க முடியும்."

"சொந்தக்காரி நான்தானே தம்பி?"

"என் மெஷின்ல நீங்க விருந்தாளிங்க."

சிரிப்பு அப்படியே நின்றது. கருவியை அவர் கையில் திருப்பிக் கொடுத்தார். பெட்டி அறையின் கதவைப் பார்த்தார்.

"என் இடத்துலயே விருந்தாளியா இருக்கிறது எனக்குப் புதுசு இல்ல" என்றார். "சிஸ்டர், வீல்சேரைக் கொண்டாங்க."

அவரை அறை வாசலுக்குத் தள்ளிக்கொண்டு போனேன். கைக்கு எட்டிய முதல் பெட்டியை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். "கட்டிலுக்கு விடுங்க" என்றார். தன் கட்டிலின் மேல், தலையணை இருக்கும் இடத்தில், அந்தப் பெட்டியை வைத்தார். திரும்பப் போனோம். அடுத்த பெட்டி. பிசியோ சட்டைக் கையை மடித்துக்கொண்டு சேர்ந்துகொண்டார். "இதுவும் பயிற்சிதான்" என்றார். தம்பி கடையிலிருந்து வந்தபோது கட்டில் நிறைய ஃபில்டர் படுத்திருந்தது.

"என்னக்கா இது! ஹால்ல போட்டா யார் கால்லயாவது இடிபடும்!"

"பொருள்தானேடா."

"அந்த ரூம் வாசல் சின்னது. வீல்சேர் நுழையாது. உன் நல்லதுக்குத்தான் ஹால்ல போட்டோம்."

அதில் பாதி உண்மை. கதவு உள்பக்கமாகத் திறந்தாலும் நிலைச்சட்டத்துக்குள்ளேயே நின்றது. கதவின் தடிமன் அளவுக்குச் சக்கரம் இடித்தது. கதவையே கழற்றிவிடலாம் என்று நான் சொன்னேன். கண்டக்டர் என்னைப் பார்த்த பார்வையில் டிக்கெட் இல்லாமல் ஏறியவர்களின் கதி எனக்குப் புரிந்தது.

"கதவில்லாத ரூமுக்கு நான் எதுக்குப் போகணும்?"

"வேணும்னா ஹால்லயே திரை கட்டித் தரோம் அண்ணி" என்றார் தம்பி மனைவி.

"திரைக்குத் தாழ்ப்பாள் உண்டா?"

தம்பி மனைவி சமையலறைக்குப் போய்விட்டார்.

தச்சர் வந்தார். கீலை வெளிப்பக்கம் மாற்றி, கதவு முழுதாக மடங்கி ஹால் சுவரோடு சாயும்படி செய்யச் சொன்னோம். "ரூம் கதவு உள்ளதானே திறக்கும், அதுதானே வழக்கம்?" என்று இழுத்தார். "எனக்கு வழக்கம் வேணாம், வழி வேணும்" என்றார் கண்டக்டர். தாழ்ப்பாளை நாற்காலியில் உட்கார்ந்தபடி எட்டும் உயரத்தில் வைக்கச் சொன்னார். அதில் எங்களுக்குள் சண்டை. வெளியிலிருந்தும் சாவியால் திறக்கிற மாதிரிதான் இருக்க வேண்டும் என்றேன்.

"வெளியில இருந்து திறக்கிறது ஒரு தாழ்ப்பாளா சிஸ்டர்?"

"உள்ள விழுந்து கிடந்தீங்கன்னா, ஜன்னல் வழியா மந்திரம் போட்டா தூக்குவேன்?"

சாவி என்னிடம் மட்டும் இருக்கும் என்ற ஒப்பந்தத்தில் முடிந்தது. தம்பி ஒரு மாற்றுச் சாவி கேட்டார். கண்டக்டர் கேட்காதது போல் இருந்துவிட்டார்.

சாமான் போடும்போது எங்களுக்கு யோசனையே தேவைப்படவில்லை. எது எங்கே என்று அவருக்கு முன்பே முடிவாகியிருந்தது. மேசை ஜன்னலடியில். கட்டில், கதவைத் திறந்தால் கண்ணில் படாத மூலையில். வருகிறவர் உட்கார ஒரே ஒரு நாற்காலி. அதை அவரே சக்கரத்தால் முட்டி முட்டி அங்குமிங்கும் நகர்த்தினார். உதவப் போன என்னை, "கை வைக்காதீங்க" என்று விரட்டினார்.

பெட்டிகள் ஹாலில், கட்டில் கிடந்த அதே இடத்தில் இருக்கின்றன. தம்பி காலையில் செருப்பு மாட்டும்போது முழங்காலை இடித்துக்கொண்டு, "இந்த வீட்டுல மனுஷன் நடக்க இடமிருக்கா?" என்று கத்துகிறார். மன்னிப்பு இன்னும் கேட்கவில்லை. கண்டக்டரும் அவரோடு முகம் கொடுத்துப் பேசவில்லை. சமாதானம் பண்ணி வைக்கச் சொல்லித் தம்பி மனைவி என்னிடம் வந்தார். அது என் வேலையில் வராது என்றேன். இப்போது என்னைச் சிஸ்டர் என்கிறார்.

போன வாரம் அவரே இரண்டு விருந்தாளிகளைக் கூட்டிக்கொண்டு வந்தார். தட்டாமல் கதவை இழுத்தார். தாழ்ப்பாள் போட்டிருந்தது.

"அண்ணி, ரூமைப் பார்க்கணுங்கிறாங்க. ஒரு நிமிஷம் திறங்களேன்."

உள்ளேயிருந்து பழைய பேருந்துக் குரல் வந்தது.

"உள்ள இடமில்ல! அடுத்த வண்டியில வாங்க!"

அந்த நேரம் நான் உள்ளேதான் இருந்தேன், அவர் காலில் கட்டு மாற்றிக்கொண்டு. கையில் பெட்ஷீட் பிடிக்காமல், இரண்டு கையாலும்.