ரால்ஹாமிக்குப் போர்த்திய கம்பளி

என் அலுமாரியின் கீழ்த்தட்டில் ஒரு கறுப்புக் கம்பளி மடித்துக் கிடக்கிறது. அதில் ஒன்பது ஓட்டைகள். போன மாதம் எண்ணியபோது எட்டுத்தான் இருந்தன. பூச்சி அரித்திருக்கலாம், அல்லது அன்று நான் ஒன்றைத் தவறவிட்டிருக்கலாம். இரண்டையும் நினைத்துக் கவலைப்பட்டேன். மழையில் தேயிலைக் கொழுந்தெடுப்பவர்கள் தலையில் போட்டுக்கொள்ளும் சாதாரணக் கம்பளிதான். எங்கள் வீட்டுக்கு அது வந்தது காவலின் பதினோராம் நாள்.

ஐம்பதுகளின் நடுவில், தலவாக்கலைக்கு மேலே ஒரு தோட்டப் பள்ளிக்கூடத்தில் நான் ஆசிரியர். அதே தோட்டத்தில் கொழுந்தெடுத்தவளைப் பதிவுத் திருமணம் செய்துகொண்டேன். சாதி வேறு. அவளுடைய அண்ணன், என் மச்சான், தேயிலைக்குக் கவ்வாத்து வெட்டுகிறவர். எங்கள் இருவரையும் அதே கத்தியால் வெட்டுவதாக மாரியம்மன் கோயில் முன்னால் சத்தியம் செய்தார். கேட்டவர்கள் முப்பது பேருக்குக் குறையாது. சாட்சி சொல்ல வந்தவர் ஒருவர். அந்த ஒருவரை வைத்தே நீதவான் கட்டளையிட்டார். மச்சான் ஓராண்டுக்கு அமைதி காப்பதாகப் பிணை எழுதிக் கொடுக்க வேண்டும். எங்களுக்குப் பதினான்கு நாள் பொலிஸ் காவல்.

காவலுக்கு வந்த கான்ஸ்டபிள் சிங்களவர், ஓய்வை நெருங்கியவர். எல்லோரும் அவரை, பொலிஸ்காரருக்கான சிங்கள மரியாதைச் சொல்லால், ரால்ஹாமி என்றே கூப்பிட்டோம். காலைப் பெரட்டில், வேலைக்கு ஆள் பிரிக்கும் இடத்தில், என் மனைவியின் பெயர் கூப்பிடப்படும்வரை பக்கத்தில் நிற்பார். பிறகு அவளோடு மலைக்கும் ஏறுவார். அவருக்கும் ஒரு கூடை கொடுக்கச் சொல்லிப் பெண்கள் கங்காணியைக் கேலியாய்க் கேட்டார்களாம். நானோ, பதினைந்தாம் நாள் எங்கள் கதி என்ன என்று அவரைத் துளைத்தெடுத்தேன்.

“மாஸ்டர், இன்னைக்கு நாலு தானே. பதினைஞ்சு எதுக்கு எண்ணுறது?” என்பார்.

அவர் வாசலில் படுத்திருந்தபோதே, தாழ்ப்பாளை இரவுக்கு ஏழுமுறை போய்ப் பார்த்தவன் நான்.

பத்து நாள் மழையில் நனைந்து அவருக்குக் காய்ச்சல் கண்டது. பதினோராம் நாள் எழும்பவே முடியவில்லை. எங்கள் கட்டிலில் கிடத்தினோம். வாசலில் காவல் இல்லை என்ற செய்தி மச்சான் குடியிருந்த லயத்துக்குப் போயிருக்க வேண்டும். பிற்பகலில் மச்சான் படியில் வந்து நின்றார், கையில் கவ்வாத்துக் கத்தியோடு. எனக்கும் பின்கதவுக்கும் நான்கு எட்டுத் தூரம். அவருக்கும் எனக்கும் இரண்டே. அப்போது உள்ளேயிருந்து என் மனைவியின் குரல் வந்தது.

“அண்ணே, ரால்ஹாமி நடுங்குறாருண்ணே. கண்ணே தொறக்கல.”

மச்சான் என்னைத் தள்ளிக்கொண்டு உள்ளே போனார். நெற்றியைத் தொட்டுப் பார்த்தவர் கையைச் சட்டென்று இழுத்துக்கொண்டார்.

“இந்த மனுசன் செத்துப்போனா, நான்தான் கொன்னேன்னு எழுதிருவாங்களே.”

பிணையில் கைநாட்டு வைத்தவர் அல்லவா. கத்தியைப் படியில் போட்டுவிட்டுத் தோட்டத்து மருந்துக்காரரை அழைத்துவர ஓடினார். திரும்பி வந்தபோது தோளில் இந்தக் கம்பளி. அதை ரால்ஹாமிக்குப் போர்த்திவிட்டார்.

அதன்பிறகு அவர் எங்கள் வீட்டைவிட்டு நகரவில்லை. ரால்ஹாமி இருமினால் முதலில் எழுந்தவர் அவர்தான். தங்கை வைத்த கொத்தமல்லிக் கசாயத்தை அவரே புகட்டினார். முதல் நாள் தனக்கு எதுவும் வேண்டாம் என்றார். இரண்டாம் நாள் வெறும் தேநீர். மூன்றாம் நாள் ரொட்டி, நான்கு. தன் கழுத்துக்குப் பயந்துதான் வந்தார் என்பது எனக்குத் தெரியும். ஆனால் நான்காவது ரொட்டியைப் பயத்தில் யாரும் கேட்டு வாங்கிச் சாப்பிடுவதில்லை. காய்ச்சல் விட்டுக் கண்விழித்த ரால்ஹாமி, கால்மாட்டில் தூங்கி வழிந்த மச்சானைப் பார்த்துச் சிரித்தார்.

“மாஸ்டர், இப்ப எண்ணுங்க. காவல் ரெண்டு பேர்.”

பதினான்காம் நாள் மாலை ரால்ஹாமி பஸ் ஏறினார். மச்சானும் புறப்பட்டார். படியில் கிடந்த கத்தி துருவேறியிருந்தது, அதை எடுத்துக்கொண்டார். நான் கம்பளியை மடித்து நீட்டினேன்.

“இருக்கட்டும் மாப்புள. அடுத்த மழைக்கு வந்து வாங்கிக்கிறேன்.”

அதற்குமுன் அவர் என்னை அப்படி அழைத்ததில்லை. அன்றிரவு தாழ்ப்பாளை மூன்றுமுறைதான் பார்த்தேன்.

அடுத்த மழை மூன்றாம் நாளே பெய்தது. மச்சான் நனைந்துகொண்டே வந்து தேநீர் குடித்தார், கம்பளியைக் கேட்காமல் போனார். அப்படி எத்தனை மழைக்கு வந்தார் என்பதை மட்டும் நான் எண்ணாமல் விட்டுவிட்டேன். இப்போது அவர் ஊன்றுகோலோடு நடக்கிறார். இன்று காலையிலிருந்து தூறுகிறது. கேட்டால் கொடுக்க வேண்டுமே என்று கம்பளியை உதறிக் கொடியில் போட்டிருக்கிறேன். அடுப்படியில் மனைவி மூன்று கோப்பைகள் எடுத்து வைத்திருக்கிறாள்.