ஜாபெஸ் டால்பட் செய்த சத்தியம்

கப்பலில் வேலைக்குச் சேரும்போது மற்ற சமையல்காரர்கள் சம்பளத்தைக் கேட்பார்கள். ஜாபெஸ் டால்பட் முதலில் கேட்பது ஒன்றே ஒன்றுதான். "தெற்கே எங்கயாவது நிக்குமா?" நிற்கும் என்றால் தொப்பியை எடுத்து மாட்டிக்கொண்டு கிளம்பிவிடுவான்.

அவன் பயந்தாங்கொள்ளி ஒன்றுமில்லை. அவன் மனைவி கெசியாவின் தம்பி அப்சலோமும் சமையல்காரன்தான். அவன் போன கப்பல் அடிமை முறை உள்ள தென் கரோலினாவில் போய் நின்றது. கறுப்பு மாலுமி வந்து இறங்கினால், கப்பல் கிளம்பும்வரை அவனைச் சிறையில் போட்டு வைப்பது அந்த ஊர்ச் சட்டம். கிளம்பும்போது கேப்டன் சிறைச் செலவைக் கட்டி மீட்டுக்கொண்டு போக வேண்டும். அப்சலோமின் கேப்டன் என்ன செய்தான் தெரியுமா? துறைமுகத்திலேயே ஒரு வெள்ளைக்காரச் சமையல்காரனைப் பிடித்துப்போட்டுக்கொண்டு பாயை விரித்துவிட்டான். அப்சலோமை ஏலத்தில் விற்றார்கள், ஏதோ பருத்திக்காட்டில் பார்த்ததாக யாரோ சொன்னார்கள். அத்தோடு சரி. ஐந்து வருஷமாக அவன் பேச்சை எடுத்தாலே கெசியா எழுந்து வெளியே போய்விடுவாள்.

இத்தனைக்கும் அப்சலோம் கழுத்தில் காப்புச் சீட்டு தொங்கியது. அது மாசசூசெட்ஸில் எங்கள் பக்கத்துக் கறுப்பு மாலுமிகள் எல்லோரிடமும் இருக்கும். சுங்க அலுவலகத்தில் சத்தியம் செய்து வாங்கி, தகரக் குழலில் சுருட்டிக் கழுத்தில் போட்டுக்கொள்வார்கள். ஜாபெஸின் சீட்டில் 'ஐந்தடி ஆறங்குலம், நிறம் கறுப்பு, இடது புருவத்தில் தழும்பு, அமெரிக்க ஐக்கிய நாடுகளின் குடிமகன்' என்று எழுதியிருந்தது. அதன் பின்பக்கத்தில் அவனே கைப்பட இன்னொரு வரியையும் எழுதி வைத்திருந்தான். ஒரு மாநிலத்தின் குடிமகனுக்கு மற்ற மாநிலங்களிலும் அங்கே குடிமக்களுக்கு உள்ள உரிமைகளும் பாதுகாப்பும் உண்டு என்று அரசியல் சட்டத்தில் வருகிற வரி அது. அந்த வரியைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் ஒப்பிப்பான்.

1837 கடைசியில் கேப்டன் லம்பார்டின் கப்பலில் சேர்ந்தான். உப்புமீனை ஜமைக்காவில் இறக்கிவிட்டு, வெல்லப்பாகு ஏற்றிக்கொண்டு நேரே வீடு. மார்ச் மாத ஊர்க்கூட்டத்துக்குள் ஊர் திரும்பிவிடலாம். அந்தக் கூட்டத்தை ஜாபெஸ் எண்ணி எண்ணிக் காத்திருந்தான். கறுப்புப் பிள்ளைகளையும் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் சேர்ப்பதா வேண்டாமா என்று ஆல்டர் கோவ் என்கிற எங்கள் ஊரில் வாக்கெடுக்கப் போகிறார்கள். அவன் மகள் லோயிஸுக்கு எட்டு வயசு, இன்னும் பள்ளிக்கூட வாசலை மிதிக்கவில்லை. எங்கள் ஊரில் வாக்கு உள்ள கறுப்பர்கள் ஏழே பேர், அதில் அவன் ஒருவன்.

திரும்பும் வழியில் புயல் பிடித்துக்கொண்டது. பாய்மரம் ஒன்று முறிந்து, அடித்தளத்தில் தண்ணீர் ஏற ஆரம்பித்தது. இரண்டாம் நாள் காலையில் கேப்டன் லம்பார்ட் சமையல் கூண்டுக்குள் தலையை நீட்டினார்.

"ஜாபெஸ், நாளைக்கு தென் கரோலினாவுக்குள்ள போயாகணும். பம்பு அடிச்சு அடிச்சு ஆளுங்க கை மரத்துப் போச்சு. வேற வழியில்லப்பா."

ஜாபெஸ் கிளறிக்கொண்டிருந்த கரண்டியைக் கீழே வைத்தான்.

"மூஞ்சிய அப்படி வச்சுக்காத. யோசிச்சுட்டுதான் வந்திருக்கேன். அவங்க சட்டத்துல செவ்விந்தியனுக்கு விலக்கு இருக்கு. உங்கம்மா செவ்விந்தியங்கள்ல வாம்பனோக் கூட்டம்தானே?"

"எனக்கு நாலு வயசுல செத்துப் போன அம்மா, கேப்டன். எங்கப்பா கறுப்பரு. நான் மாசசூசெட்ஸ் குடிமகன். எழுத்துல இருக்கு."

"அப்சலோம் கிட்டயும்தான் எழுத்து இருந்துச்சு."

 ஜாபெஸ் அடுப்பில் விறகைத் தள்ளினான்.

"இந்த நாட்டுக் குடிமகன்னா உள்ள போடுவாங்க. குடிமகனே இல்லாத செவ்விந்தியன்னா வெளிய விட்டுடுவாங்க. நல்லாயிருக்கு."

"நானா எழுதினேன் அந்தச் சட்டத்தை? பைபிள் மேல கை வச்சு செவ்விந்தியன்னு சொல்லிடு. நானும் கூட நின்னு சத்தியம் பண்றேன். ஆனா அந்தச் சீட்டு உன்கிட்ட இருந்தா ரெண்டு பேரும் மாட்டிக்குவோம்."

கேப்டன் போனதும் ஜாபெஸ் தகரக் குழலைத் திறந்தான். கிளம்பும்போது கெசியா அவன் சட்டையைப் பிடித்துக்கொண்டு, "எங்க போய் மாட்டினாலும் என்ன வேணா சொல்லிட்டு வந்துடு, வீம்பு பண்ணாத, என்னால இன்னொரு தடவ தாங்க முடியாது" என்று சொன்னது காதில் கேட்டது. பின்பக்கத்து வரியை ஒருமுறை வாய்விட்டுப் படித்தான். பிறகு, தான் மூட்டிய அடுப்பிலேயே சீட்டைப் போட்டான்.

துறைமுகத்தில் ஷெரிஃபின் ஆள் கப்பலேறி வந்து அவனை ஏற இறங்கப் பார்த்தான்.

"செவ்விந்தியனா? எங்க, உன் பாஷையில ஏதாவது பேசு பாப்போம்."

அம்மாவின் பாஷையில் அவனுக்கு ஒரு வார்த்தை தெரியாது. கேப்டன்தான் முந்திக்கொண்டார். "வேணாம் ஐயா. சாப்பாடு நல்லா இல்லன்னு நான் திட்டும்போதுதான் அந்தப் பாஷையெல்லாம் வரும், காது கொடுத்துக் கேக்க முடியாது." அந்த ஆள் சிரித்துவிட்டான். நீதிபதி முன்னால் கொண்டுபோய் நிறுத்தினார்கள். ஜாபெஸ் பைபிள் மேல் கை வைத்தான், கேப்டனும் வைத்தார். அரை நாளில் எல்லாம் முடிந்தது.

பாய்மரம் மாற்றப் பதினொரு நாள் பிடித்தது. அத்தனை நாளும் ஜாபெஸ் கூடையை மாட்டிக்கொண்டு சந்தைக்குப் போய் வந்தான். போகிற வழியில்தான் சிறை. மூன்றாம் நாள் மேல் ஜன்னலிலிருந்து ஒரு குரல் வந்தது. வடக்கத்திப் பேச்சு, எங்கள் பக்கத்து ஆளேதான்.

"அண்ணே, எந்தக் கப்பல்ண்ணே? மாசசூசெட்ஸா? எங்க கேப்டன் கிட்ட ஒரு வார்த்தை சொல்லிடுங்கண்ணே. கேக்குதா?"

வாசலில் காவல்காரன் நின்று ஜாபெஸையே பார்த்துக்கொண்டிருந்தான். ஒரு செவ்விந்தியனுக்கு அந்த ஜன்னலில் என்ன வேலை? ஜாபெஸ் தலையைத் திருப்பாமல் நடந்தான். குரல் தெருமுனை வரைக்கும் வந்தது. மறுநாளிலிருந்து வேறு தெரு வழியாகச் சுற்றிக்கொண்டு போனான். நான் அவனைக் குறை சொல்ல மாட்டேன். நானாக இருந்தாலும் அதைத்தான் செய்திருப்பேன். ஆனால் அவன் அந்த ஆளின் பேரைக்கூடக் கேட்காமல் வந்துவிட்டோமே என்று சாகிறவரை சொல்லிச் சொல்லி மாய்ந்தான்.

பிப்ரவரியில் வீடு வந்து சேர்ந்தான். கெசியா அவன் முகத்தைத் தடவித் தடவிப் பார்த்தாள். நடந்ததைச் சொன்னபோது, "வாய் வார்த்தைதானே, போனா போகுது" என்றாள்.

போகவில்லையே. கேப்டன் லம்பார்டுக்கு நல்ல மனசு, ஆனால் வாயில் ஒன்றும் தங்காது. நேதன் பெல்லின் கடையில் கணப்பைச் சுற்றி உட்கார்ந்து, "நம்ம ஜாபெஸ் அங்க பெரிய செவ்விந்தியத் தலைவன் தெரியுமா" என்று ஆரம்பித்து, ஷெரிஃபின் ஆளிடம் பேசியதுவரை நடித்துக் காட்டினார். கடையே சிரித்தது. கறுப்புப் பிள்ளைகள் தன் பேரன் பக்கத்தில் உட்காரக் கூடாது என்று வீடு வீடாகப் பேசிக்கொண்டிருந்த நேதன் பெல்லும் கூடச் சேர்ந்து சிரித்தார். "சத்தியமே பண்ணிட்டானா?" என்று மட்டும் கேட்டார். "நானே சாட்சி" என்றார் கேப்டன்.

ஊர்க்கூட்டத்தில் பள்ளிக்கூட விஷயம் வந்ததும் பெல் எழுந்தார். "தலைவரே, டால்பட்டுக்கு இங்க வாக்கு கிடையாது. செவ்விந்தியனுக்கு ஏது வாக்கு? சந்தேகம்னா கேப்டனைக் கேளுங்க."

கூட்டத் தலைவர் கேப்டனைப் பார்த்தார். கேப்டன் முகம் சிவந்துபோய் எழுந்தார்.

"அவனைக் காப்பாத்தத்தான் தலைவரே. கப்பல் முழுகுற நிலைமை..."

"சத்தியம் பண்ணீங்களா, இல்லையா?" என்றார் தலைவர்.

"பண்ணினேன்."

ஜாபெஸ் எழுந்து நின்றான். "தலைவரே, அந்தச் சட்டம் அநியாயம்னு ரெண்டு வருஷம் முன்னாடி இதே கூட்டத்துல தீர்மானம் போட்டோம். நீங்கதான் படிச்சீங்க."

"படிச்சேன், மறுக்கல. உன் காப்புச் சீட்டு இருக்கா?"

"எரிச்சுட்டேன்."

தலைவர் நல்லவர்தான். குரலைத் தாழ்த்திக்கொண்டுதான் பேசினார். "நீ அங்க சொன்னது நெசம்னா நீ செவ்விந்தியன், உனக்கு இங்க வாக்கு இல்ல. பொய்யின்னா பைபிள் மேல பொய் சொன்னவன், உன் கையை நான் எப்படி எண்ணுறது? ரெண்டுல எதுன்னு நீயே சொல்லு."

ஜாபெஸ் தொப்பியை எடுத்துக்கொண்டான்.   வாக்கில்லாத கெசியாவும் மற்றப் பெண்களும் உட்கார்ந்திருந்த மேல்மாடத்துக்கு மரப்படி ஏறிப் போனான். கெசியா நகர்ந்து இடம் கொடுத்தாள்.

"சேர்க்கலாம்ங்கிறவங்க கை தூக்குங்க" என்றார் தலைவர்.

கீழே மிச்சமிருந்த ஆறு கறுப்பர்களும் தூக்கினார்கள், கேப்டன் தூக்கினார், அங்கங்கே வெள்ளைக்காரர்களும் தூக்கினார்கள். ஜாபெஸ் நினைத்துத் தூக்கவில்லை, அவன் கை தானாக மேலே போனது. கெசியா அதை எட்டிப் பிடித்தாள்.

"வேணாம்ப்பா. பாத்தாங்கன்னா கேஸ் போட்டுடுவாங்க" என்று காதோடு சொல்லி, கையை இழுத்துத் தன் மடியில் வைத்து அழுத்திக்கொண்டாள். எழுத்தர் ஒவ்வொரு வரிசையாக நிதானமாக எண்ணிக்கொண்டு வந்தார். அவர் எண்ணி முடிக்கிறவரை அவள் விடவில்லை.