அவசரமாய்ப் போட்ட மாலை

நாலு வருடத்துக்கு முந்தைய மழைக்காலம். பதுளை பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் ஒரு போட்டோ ஸ்டூடியோவில் வேலை செய்துகொண்டிருந்தேன். கம்ப்யூட்டரில் என் கை அவ்வளவு வேகம். அதில் கொஞ்சம் திமிரும் உண்டு.

ஒரு நாள் காலை, ஸ்பிரிங்வெளி தேயிலைத் தோட்டத்து பஸ்ஸில் வந்து இறங்கிய ஒருவர் பழைய கல்யாணப் படம் ஒன்றை நீட்டினார். ஐம்பது வயதிருக்கும். "இவளை மட்டும் தனியா எடுத்துப் பெருசு பண்ணிக் குடுங்க தங்கச்சி" என்றார். மணப்பெண் நீளமான பின்னலை முன்னால் எடுத்துப் போட்டிருந்தாள்.

தோட்டத்து ஆட்கள் இப்படி ஒருவரை மட்டும் பிரித்துக் கேட்டால், பெரும்பாலும் கருமாதிக்குத்தான். அதனால் நான் ஒரு வார்த்தை விசாரிக்கவில்லை. பத்தே நிமிடத்தில் முகத்தைத் துலக்கி, சந்தன மாலையும் போட்டு, திரையை அவர் பக்கம் திருப்பினேன்.

"இறந்த தேதியச் சொல்லுங்கண்ணே, கீழ போட்டுறலாம்."

அவர் பதறிப்போனார். "ஐயோ, அவ உசுரோட இருக்காம்மா!"

எனக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது. கோபித்து நாலு வார்த்தை திட்டியிருந்தாலாவது பரவாயில்லை. அவர் மெதுவாகத்தான் பேசினார். மனைவி பெரியாஸ்பத்திரியில் இருக்கிறாராம். புற்றுநோய். மருந்தில் தலைமுடி முழுதும் கொட்டிவிட்டதாம்.

"கண்ணாடியே பாக்க மாட்டேங்குறா. நான் முந்தி எப்படி இருந்தேன்னு ஒருக்கா காட்டுங்கன்னு கேட்டா. அதான் வந்தேன்."

மாலையை எடுத்துவிட்டு, பின்னல் பளிச்சென்று தெரியும்படி செய்து கொடுத்தேன். மழையில் நனையாமல் சட்டைக்குள் வைத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு நடந்தார்.

ஒரு மாதம் கழித்து, தாடியோடு வந்தார். கையில் அதே படம். எனக்குப் புரிந்துவிட்டது.

"அக்கா படத்தைப் பாத்தாங்களாண்ணே?"

"பாத்தா தங்கச்சி. பின்னலத் தடவிக்கிட்டே இருந்தா." படத்தை மேசைமேல் வைத்தார். "அன்னைக்கு ஒரு மாலை போட்டீங்களே, அதை இப்பப் போட்டுக் குடுங்க."

அன்று மாலை போட்ட படம் கம்ப்யூட்டரில் அப்படியே கிடந்தது. அழிக்க மறந்திருந்தேன். தேதியை மட்டும் சேர்த்தால் இரண்டு நிமிட வேலை. ஆனால் மனம் வரவில்லை. அந்த அக்கா உயிரோடு இருக்கும்போது நான் போட்ட மாலை அல்லவா அது. அதை அழித்துவிட்டு, முதலிலிருந்து புதிதாக ஒன்று செய்தேன். அழக்கூடாது என்று நினைத்தும் முடியவில்லை. அவர்தான் எனக்கு ஆறுதல் சொன்னார்.

இன்று யார் பழைய படத்தோடு வந்தாலும், "இவங்க நல்லா இருக்காங்களா?" என்று கேட்காமல் நான் கம்ப்யூட்டரைத் தொடுவதில்லை. அன்று அவரிடம் கேட்காமல் விட்ட கேள்வி அது.