மூன்றாவது கப்பல் கரை சேர்ந்த விவரம்

இதை எழுதலாமா வேண்டாமா என்று பத்து வருஷத்துக்கு மேல் தயங்கிவிட்டேன். நான் எட்டாவது வரைக்கும்தான் படித்தவன். காலையில் குளித்து, திருநீறு இட்டு, அம்மனைக் கும்பிட்டுவிட்டுத் தறிக்குழியில் இறங்குகிறவன். வாயில் பொய் வரக்கூடாது என்று இருக்கிற ஆள், தானே இட்டுக்கட்டிய கதையைப் பற்றி எழுதினால் நாலு பேர் என்ன நினைப்பார்கள் என்ற கூச்சம்தான்.

தொண்ணூறுகளின் நடுவில் நடந்தது. எங்களுக்கு இரண்டு முறை கரு தங்காமல் போயிருந்தது. மூன்றாவது முறை என் மனைவி உண்டானபோது, பிரசவம் வரைக்கும் எழுந்து நடமாடவே கூடாது என்று டாக்டரம்மா கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். அதுவரை அவளும் நானும் ஜோடியாகத் தறியில் உட்கார்ந்து நெய்தவர்கள். இனி ஒற்றை ஆளாக நெய்யக்கூடிய சேலை மட்டும்தான் என்று ஆனது. தறிக்குப் பக்கத்திலேயே அவளுக்குக் கட்டிலைப் போட்டேன். சமையலுக்குப் பெரணமல்லூரிலிருந்து மாமியார் வந்தார்.

படுத்துக் கிடக்கிறவளுக்குப் பொழுது நகரவில்லை. மணி கேட்பாள், சொல்வேன். நாலு விரல் நெய்வதற்குள் மறுபடியும் கேட்பாள். "இன்னாங்க, இந்தக் கடியாரம் ஓடுதா, தூங்குதா?" என்றாள் ஒருநாள். ஜரிகை சுற்றி வந்த பேப்பரில் நீர்மூழ்கிக் கப்பல் படம் ஒன்று பார்த்திருந்தேன். அந்த ஞாபகத்தில், நேரம் ஒரு நிலையில் நிற்காத கடல் ஒன்று இருக்கிறது, அதற்குள் போய்ப் பார்க்கவென்றே கப்பல் கட்டுகிறார்கள் என்று ஆரம்பித்தேன். நாங்கள் இருவரும் அதுவரை கடலையே பார்த்ததில்லை.

முதல் கப்பலை அண்டா மாதிரி உருண்டையாக, இரும்புத் தகட்டில் கட்டினோம். உள்ளே ஆறு பேர். உலையில் அரிசி போட்டுவிட்டுத் திரும்பினால் சோறு ஊசிப்போயிருக்கும். சவரம் செய்து முகம் கழுவுவதற்குள் தாடி வளர்ந்துவிடும். பத்தடி நகர்ந்தால் நேற்றைய சாயங்காலம் வந்துவிடும், நேற்றுத் தின்ற வடை மறுபடியும் தட்டில் இருக்கும். அவள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். குலுங்கக் கூடாது என்று மாமியார் அதட்டினார். இரண்டாவது கப்பலில் கடிகாரமே வேண்டாம் என்றது அவள்தான். அம்மன் பேரை நூற்றெட்டுத் தடவை சொன்னால் ஒரு பொழுது என்று கணக்கு. அந்த இரண்டும் பத்திரமாகத் திரும்பி வந்தன. மூன்றாவதுதான் பெரியது. அதன் வாலில் பட்டு நூலைக் கட்டி, மறுமுனையைக் கரையில் ஒரு முளையில் கட்டி அனுப்பினோம்.

"மாப்ள, கப்பல் வுட்டுகினே நெய்யறீங்களே, சேலையில தண்ணி ஒழுவப்போவுது" என்பார் மாமியார். ஆனால் கதை நடக்கும்போது அவரும் முறத்தோடு வந்து உட்கார்ந்துவிடுவார்.

தறியில் நீளவாக்கில் ஏற்றுகிற நூல்தான் பாவு. எங்கள் தறியில் ஒரு பாவுக்கு மூன்று சேலை. சேலைக்கு ஒரு கப்பல் என்று என்னை அறியாமலே ஒரு பழக்கம் வந்திருந்தது. மூன்றாவது சேலை முடிந்த அன்று பாவும் முடிந்தது. சேலையை அறுத்து மடித்துக்கொண்டே, "அவ்ளோதான், நூலு அறுந்துபோச்சு. அந்தக் கப்பல் எங்க போச்சுன்னே தெரியல" என்றேன். நெய்கிறவன் புத்தி. பாவு முடிந்தால் கதையும் முடிய வேண்டும் என்று நினைத்துவிட்டேன்.

அவள் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தாள். அன்று சாப்பிடவில்லை. மறுநாளும் கஞ்சி இரண்டு வாய்தான். மாமியார் என்னை அடுப்படிக்குக் கூப்பிட்டு, "மூணாவதத்தான் தொலைக்கணுமா நீங்க?" என்றார். அப்போதுதான் எனக்கு உறைத்தது. படவேட்டு அம்மனை நினைத்துக் கன்னத்தில் போட்டுக்கொண்டேன். அவளிடம் போய், கப்பல் வந்துவிட்டது, சும்மா விளையாட்டுக்குச் சொன்னேன் என்றேன்.

"எனக்காவச் சொல்லாதீங்க" என்றாள்.

அதற்கு அடுத்த நாள் காலையில் புதுப் பாவு வந்தது. பாவு பிணைக்கிற அக்கா தறியில் வந்து உட்கார்ந்தார். சேலையை அறுத்த பிறகும் பழைய பாவை முழுசாக உருவிவிடுவதில்லை. அதன் வால் ஒரு முழம் தறியிலேயே நிற்கும். விரலில் சாம்பல் தொட்டு, பழைய இழை ஒவ்வொன்றோடும் புது இழையை முறுக்கிச் சேர்க்க வேண்டும். ஆயிரக்கணக்கான இழை. என் மனைவி இந்தப் பக்கம் திரும்பிப் படுத்து வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"யக்கா, போன பாவு நூலு இன்னும் அதுல கீதா?"

"அது கீறதாலதான் இது ஏறுது" என்றார் அக்கா, தலை நிமிராமல்.

மனைவி என்னைப் பார்த்தாள். "கரையில கட்டுன துண்டு அங்கியேதான கீது?"

"ஆமா."

"கப்பல் வாலுலயும் ஒரு துண்டு இருக்கும்."

"இருக்கும்."

"அந்தக் கடல்லதான் நேத்தும் நாளைக்கும் பக்கத்துப் பக்கத்துல கீதே. அறுந்த நாளுக்கே திரும்பிப் போயி, ரெண்டு துண்டையும் சேர்த்து முறுக்கிட மாட்டானா ஒருத்தன்?"

"முறுக்கிடுவான்" என்றேன்.

"அப்ப வந்துகினு கீது. கொஞ்சம் லேட்டு, அவ்ளோதான்."

கப்பலில் வருகிறவர்களுக்கும் சேர்த்து உலை வைக்கட்டுமா என்று மாமியார் உள்ளேயிருந்து கேட்டார்.

"எனக்கு வைம்மா, பசிக்குது."

அந்தப் பாவில் இரண்டாவது சேலை தறியில் இருக்கும்போது எங்களுக்குப் பெண் பிறந்தாள். சந்தவாசல் வழியாகப் படவேடு போய் அம்மனுக்குப் பொங்கல் வைத்தோம். தாயும் பிள்ளையும் நல்லபடியாக இருந்தார்கள். இதற்கு மேல் நான் அம்மனிடம் கேட்க என்ன இருக்கிறது? இப்போது பெண் பெரிய வகுப்பு படிக்கிறாள். இந்தக் கதையைப் பள்ளிக்கூடத்தில் சொல்லி, உறவுக்காரர்கள் வரைக்கும் அது போய்விட்டது.

போன ஆவணியில் ஒரு கல்யாண வீட்டில், உறவுக்காரர் ஒருவர் பிள்ளைகளைக் கூட்டி வைத்து இதையே சொல்லிக்கொண்டிருந்தார். அவர் கதையில் மூன்றாவது கப்பல் பாறையில் மோதி மூழ்கிவிட்டது. பந்தியில் உட்கார்ந்திருந்த என் மனைவி, இலையை அப்படியே விட்டு எழுந்து போய், "முழுவல. தெரியாம சொல்லாதீங்க" என்றாள். அவருக்கு ஒன்றும் புரியவில்லை. அன்றைக்குத்தான் எழுதிவிடுவது என்று முடிவு செய்தேன்.

இதைப் படித்தவர்கள் யாருக்கு வேண்டுமானாலும் சொல்லுங்கள். சுவைக்காகக்கூட எதையும் சேர்க்காதீர்கள், எடுக்காதீர்கள். போன கப்பல் மூன்று. மூன்றும் கரை சேர்ந்தன, ஒரு ஆள் குறையாமல்.