கலியாண வீடியோக்காரன் எடுத்த கோல்

வெள்ளவத்தையில், காலி வீதியிலிருந்து கடல் பக்கமாக இறங்கும் ஒழுங்கை ஒன்றில் எனக்கு ஒரு ஸ்டூடியோ. பாஸ்போட் படமும் கலியாண வீடியோவும்தான் தொழில். படம் எடுக்க வருகிற எல்லோரும் "அண்ணை, கொஞ்சம் வெள்ளையாக்கி விடுங்கோ" என்று சொல்லிக்கொண்டுதான் ஸ்டூலில் இருப்பார்கள். அப்படிச் சனத்தை வெள்ளையாக்கியே இரண்டு பிள்ளைகளைப் படிப்பித்துவிட்டேன். ஆகவே, கதவு நிலையில் தலை இடிபடாமல் குனிந்துகொண்டு அந்தச் சேர்பியாக்காரர் வந்து இருந்தபோது, செய்வதற்கு எனக்கு ஒரு வேலையும் இருக்கவில்லை.

விசா நீட்டிக்கப் படம் வேண்டுமாம். உதைபந்தாட்டக்காரர், நடுக்களத்தில் விளையாடுகிறவர். சண்டை முடிந்து, காலி வீதிச் சோதனைச் சாவடிகளைக் கழற்றிச் சில வருடங்கள் ஆகியிருந்தன. கொழும்புக் கழகம் ஒன்று ஒரு பருவத்துக்கு அவரைக் கூட்டிவந்து, எங்கள் அடுத்த ஒழுங்கையில் ஒரு மேல்மாடி அறையில் வைத்திருந்தது. அவருடைய இங்கிலீசும் என்னுடைய இங்கிலீசும் ஒரே அளவுக்கு மோசம் என்பதால் கதை நன்றாக விளங்கியது. படம் பிரிண்ட் ஆகும் வரைக்கும் பிளேன்டீ கொடுத்தேன். அடுத்த நாள் படம் ஒன்றும் தேவைப்படாமல் பிளேன்டீக்கு மட்டும் வந்தார்.

அப்படி வந்து வந்துதான் அவருடைய கதை எனக்குத் துண்டு துண்டாகக் கிடைத்தது. டனியூப் ஆற்றங்கரையில், சீனித் தொழிற்சாலை ஒன்றை நம்பியிருந்த சின்ன ஊர். பதினேழு வயதில் பெல்கிரேட்டின் பெரிய கழகம் ஒன்று அவரை எடுத்ததாம். ஊர்ச்சனம் பஸ் நிலையம் வரை வந்து வழியனுப்பியதாம்.

"பிறகு?" என்றேன்.

"பிறகு இரண்டு வருடம் மாற்று ஆட்டக்காரரின் வாங்கில் இருந்தேன். நல்ல வாங்கு. மழை படாமல் கூரை எல்லாம் போட்டிருந்தார்கள்."

அங்கிருந்து ஹங்கேரி. அங்கேதான் நன்றாக விளையாடியது, அங்கேதான் இடது முழங்கால் போனது. பிறகு சைப்பிரஸ். பாதிப் பருவத்தில் கழகத்தையே பூட்டிவிட்டார்கள். பிறகு கசகஸ்தான், தலையால் பந்தை முட்டினால் காது கழன்று விழும் போலக் குளிர். பிறகு மாலைதீவு, ஓங்கி அடித்தால் பந்தைத் தேடிப் படகில் போகவேண்டும். அதற்குப் பிறகு நாங்கள். என் சுவரில் தொங்கிய உலகப் படத்தில் ஊரூராக விரலை நகர்த்திக் காட்டினார். ஒவ்வொரு ஒப்பந்தத்துக்கும் வீடு இன்னும் கொஞ்சம் தூரமாகியிருந்தது.

வீட்டில் மனைவியும் எட்டு வயது மகளும். ஒருமுறை விடுமுறைக்குப் போனபோது மகள் அவரைத் தலையிலிருந்து பாதம் வரை பார்த்துவிட்டு, "அப்பாவுக்கு இவ்வளவு நீளமான கால் இருக்கா?" என்று கேட்டாளாம். போனில் அவள் கண்டதெல்லாம் முகம்தானே. சிரித்துக்கொண்டுதான் சொன்னார். நானும் சிரித்தேன். பிறகு இரண்டு பேரும் ஆறிப்போன தேத்தண்ணியைக் குடித்தோம்.

பருவம் முடிகிற கிழமையில் ஒருநாள் வேகமாக வந்தார். ஏஜண்ட் கதைத்தாராம். அவருடைய ஊரிலிருந்து பஸ்ஸில் ஒரு மணித்தியாலத் தூரத்தில் இருக்கும் கழகம் ஒன்று நடுக்களத்துக்கு ஆள் தேடுகிறது. ஆளை எடுக்குமுன் ஒரு முழு ஆட்டத்தின் வீடியோ பார்க்கவேண்டும் என்கிறார்கள். இங்கே கழகத்தில் ஒருவரும் வீடியோ எடுப்பதில்லை. ஞாயிற்றுக்கிழமை கடைசி ஆட்டம்.

"இது சரிவராவிட்டால்?"

"மொங்கோலியா," என்றார். "நீங்கள் வீடியோ எடுக்கிறவர்தானே?"

"ஓம்" என்று என் வாய் சொன்னது. அந்த நேரம் நான் அங்கே இருக்கவில்லை.

உதைபந்தாட்டத்தில் எனக்குத் தெரிந்த ஒரே சங்கதி, பந்து உருண்டையாக இருக்கும் என்பது. ஆகவே மனைவியின் தம்பியைத் துணைக்குப் பிடித்தேன். மனைவி கொட்டாஞ்சேனைக் கிறிஸ்தவக் குடும்பம். தம்பி துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவன். பந்து என்று கேட்டால் சோறு தண்ணி வேண்டாம்.

ஆட்டம் கொட்டாஞ்சேனைப் பக்கத்து மைதானத்தில். படிக்கட்டின் உச்சியில் கமராவை நிறுத்தினேன். கிட்டத்தில் நின்ற ஒரு மனுசன் "எங்க மாப்பிள்ளை வீட்டாக்கள்?" என்று நக்கலடித்தான். மச்சான் என் தோளைப் பிடித்துக்கொண்டு, "அத்தான், பந்தை விடாதீங்க" என்றான்.

"அது ஒரு இடத்தில நிக்குதில்லையே மச்சான்."

கொஞ்ச நேரம் பந்துக்குப் பின்னால் ஓடிப் பார்த்தேன். ஒரு முறை பந்தென்று நினைத்து நடுவரின் மொட்டைத் தலையைத் தொடர்ந்து போனேன். பிறகு பயத்தில் கை தனக்குத் தெரிந்த தொழிலுக்குத் திரும்பிவிட்டது. எங்கள் தொழிலில் மாப்பிள்ளையை விட்டுக் கமராவை எடுக்கக்கூடாது. தாலி கட்டுகிற நேரம் எல்லோரும் முடிச்சை எடுக்கப் பார்ப்பார்கள். அதைச் சுற்றி ஐம்பது கை, பத்து போன். படத்தில் ஒன்றும் விழாது. நான் முகத்தில் நிற்பேன். முகம் ஏமாற்றியதில்லை. ஆகவே அன்று சேர்பியாக்காரரே எனக்கு மாப்பிள்ளை. அவர் ஓட நானும் ஓடினேன், அவர் நிற்க நானும் நின்றேன். பந்து தன்பாட்டில் எங்கேயோ கிடந்தது.

கடைசிப் பக்கமாக மைதானம் முழுக்க எழும்பிக் கத்தியது. மச்சான் என்னைக் கட்டிப்பிடித்தான். "கோல்! அவ்வளவு தூரத்திலயிருந்து! இந்த சீசனுக்கே அவன் அடிச்ச ஒரே கோல்! எடுத்தீங்களா அத்தான்?"

"முகத்தை எடுத்தன்."

"முகமா அத்தான் வலைக்குள்ள போச்சு?"

வத்தளைப் பாலத்துக்கு அங்கால் ஓடித் தப்பலாமா என்று யோசித்தேன். கமராவும் ட்ரைபொட்டும் பாரம். அதோடு மச்சான் என்னைவிட வேகமாக ஓடுகிறவன்.

மச்சானோடு ஸ்டூடியோவுக்கு வந்து கொம்பியூட்டரைப் போட்டேன். கலியாண வீடியோவில் போடுகிற றோசாப்பூ இதழ் மழை என்னிடம் இருந்தது. விரிந்து மூடுகிற இதயம், பறக்கிற புறா எல்லாம் இருந்தன. கோல்தான் இல்லை. காய்ச்சல் என்று படுக்கலாம். கிருலப்பனையில் அக்கா வீட்டில் இரண்டு நாள் இருக்கலாம். அவருக்கும் மகளுக்கும் இடையில் மொங்கோலியாவைக் கொண்டுவந்து வைத்துவிட்டேனே என்று நினைக்க, பொய்க்காய்ச்சல் உண்மையாகவே வரத் தொடங்கியது.

"புறாவ விட்டு மறைக்கலாமான்னு பாக்கிறீங்களா?" என்றாள் மனைவி, பின்னால் நின்று. "அந்த மனுசனுக்கு உள்ளதைச் சொல்லுங்க."

சொல்ல நேரம் கிடைக்கவில்லை. அவர் ஒரு பார்சல் றோல்ஸோடு கதவடியில் குனிந்துகொண்டு நின்றார். முகமெல்லாம் சிரிப்பு. "கோலைக் காட்டுங்கள்!" நான் மழை வரும்போல இருக்கிறது என்றேன். கடல் காற்றைப் பற்றிச் சொன்னேன். றோல்ஸ் மரக்கறியா மாடா என்று கேட்டேன். மனைவிக்குப் பொறுக்கவில்லை. தனக்குத் தெரிந்த இங்கிலீசில் "நோ கோல். ஒன்லி ஃபேஸ்" என்று முடித்துவிட்டாள்.

அவர் ஸ்டூலை இழுத்துப் போட்டுப் பார்க்கத் தொடங்கினார். நான் அவரைப் பார்க்காமல் றோல்ஸைப் பார்த்தேன். கோல் வந்தது. படத்தில் அவருடைய கால் எதையோ உதைக்கிறது. உதைபட்டது எங்கேயோ போய்விடுகிறது. பிறகு முகம் மட்டும். பார்த்துக்கொண்டிருந்தவர் கண்ணை மூடித் திறந்தார், அவ்வளவுதான்.

"திரும்பப் போடுங்கள்," என்றார். "கோல் வேண்டாம். தொடக்கத்திலிருந்து."

இரண்டாம் முறை பார்க்கும்போது மச்சானும் கதிரையைக் கிட்ட இழுத்துக்கொண்டான். "அத்தான், இதைப் பாருங்க. பந்து வாறதுக்கு முந்தியே இவன் இந்தப் பக்கம் பாக்குறான், அந்தப் பக்கம் பாக்குறான். காலி ரோட்டைக் கடக்கிற மாதிரி. வந்த பிறகு பாக்கிறதே இல்லை." உண்மைதான். ஆட்டம் முழுக்க அவருடைய தலை திரும்பிக்கொண்டேயிருந்தது. கையால் ஒரு இளம் பொடியனுக்கு 'பின்னுக்கு வா, பின்னுக்கு வா' என்று காட்டிக்கொண்டேயிருந்தார். பந்து அந்தப் பக்கமே வராத நேரத்திலும்.

"எல்லோரும் பந்தைத்தான் எடுப்பார்கள்," என்றார் அவர். "பந்து என்னிடம் இருப்பது கொஞ்ச நேரம். மிச்ச நேரம் நான் என்ன செய்கிறேன் என்று இன்றைக்குத்தான் கண்டேன்."

அதோடு இன்னொன்றையும் கண்டார். இடைவேளைக்குப் பிறகு, ஆட்டம் மறுபக்கம் நடக்கிற நேரங்களில், யாரும் பார்க்கவில்லை என்று நினைத்துக் குனிந்து இடது முழங்காலைப் பிடித்துக்கொண்டு நிற்கிறார். என் கமரா பார்த்துக்கொண்டிருந்திருக்கிறது.

"இதை வெட்ட முடியுமா?"

அதுவரைக்கும் நான் பிரயோசனமில்லாத மனுசன். இப்போது கை துறுதுறுத்தது. வெட்டுவதில் நான் கெட்டிக்காரன். தண்ணியில் ஆடுகிற சித்தப்பாவை, பந்தலில் சீதனம் கதைத்துச் சண்டை பிடித்த சம்பந்தியை எல்லாம் அடையாளம் தெரியாமல் வெட்டியிருக்கிறேன். முழங்கால் பிடித்த இடமெல்லாம் வெட்டிக் கொடுத்தேன். மனுசன் இருபத்தைந்து வயதுக்காரராகிவிட்டார். என் வாழ்க்கையில் ஒருவரை வெள்ளையாக்கியதைவிடப் பெரிய வேலை அது.

விடிய நான் ஷட்டரைத் தூக்கமுன் வாசலில் நின்றார். "முழங்காலைத் திரும்பப் போடுங்கள்."

"ஏன்?"

"வேறு நாடு என்றால் ஒளிக்கலாம். இது வீட்டுக்குப் போகிறது. அங்கே முதல் நாளே கண்டுவிடுவார்கள்."

போட்டுக் கொடுத்தேன். அனுப்பினார். மூன்றாம் நாள் ஏஜண்டிடமிருந்து பதில்: "பந்து எங்கே?"

அதற்குப் பிறகு அவருடைய ஒழுங்கையால் போக எனக்கு முகமில்லை. கறிவேப்பிலை வாங்கவும் தண்டவாளக் கரையால் சுற்றிப் போனேன். "கலியாண வீட்டில சாப்பிட்டிட்டு ஒளிக்கிற ஆள் மாதிரி என்ன இது?" என்று மனைவி திட்டினாள். ஒரு மாலை அவரே ஸ்டூடியோவுக்குள் வந்து என்னை அப்படியே தூக்கினார். அடிக்கப் போகிறார் என்று நினைத்து "ஐ ஆம் சொறி, சொறி" என்று கத்தினேன்.

முதல் அணிக்கு வேண்டாம் என்றுவிட்டார்களாம். ஆனால் அங்கே ஒரு கிழவர், இளம் பொடியன்களைப் பழக்குகிறவர், முழு வீடியோவையும் பார்த்திருக்கிறார். இரண்டாம் அணியில் விளையாடு, எங்கே பார்க்கவேண்டும் என்று பொடியன்களுக்குக் காட்டு, வா என்று சொல்லியிருக்கிறார். முழங்காலைப் பற்றியும் கேட்டாராம். இவரும் உள்ளதைச் சொன்னாராம். சம்பளம் குறைவு. பஸ்ஸில் ஒரு மணித்தியாலம். இரவுச் சாப்பாடு வீட்டில். அந்தரத்தில் தொங்கியபடி, இடுப்பில் கழன்ற சாரத்தை ஒரு கையால் பிடித்துக்கொண்டு, நான் சந்தோசப்பட்டேன்.

அவர் போய்ச் சில மாதங்களுக்குப் பிறகு தெரியாத நாட்டு நம்பரிலிருந்து என் போனுக்கு ஒரு வீடியோ வந்தது. முழங்கால் முற்றாகப் போய்விட்டது, வேலை போய்விட்டது, அதற்கும் நான்தான் காரணம் என்று திறக்கமுன்பே முடிவு கட்டிவிட்டேன். மனைவிதான் போனைப் பறித்துத் திறந்தாள். மச்சானும் எட்டிப் பார்த்தான்.

மகள் எடுத்த வீடியோ. பனிமூட்டமான ஒரு மைதானம், எடுக்கிறவளின் மூச்சுச் சத்தம், இடைக்கிடை சிரிப்பு. ஆட்டம் முழுக்க அவள் கமராவை அப்பாவின் கால்களை விட்டு எடுக்கவேயில்லை. நீளமான இரண்டு கால்கள் ஓடின, நின்றன, சேற்றில் வழுக்கின. இடது கால் கொஞ்சம் தாங்கித் தாங்கிப் போனது.

"ஆ, இப்ப பந்து தெரியுது," என்றான் மச்சான். "முகம் எங்க அத்தான்?"

"அவளுக்கு முகம் பாத்தது போதும்," என்றாள் மனைவி. "திரும்பப் போடுங்க."