இரண்டு நட்சத்திரமும் ஒரு மலையாள வரியும்

எழுதிப் பழக்கமில்லாதவன் நான். எஸ்டேட் தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் பத்தாவது வரைதான் படிப்பு. நாலு பேர் முன்னால் பேசவே கூச்சப்படுகிறவன் இப்படி எழுத உட்கார்ந்தது அதிகப்பிரசங்கித்தனம்தான், மன்னிக்க வேண்டும். பேய், ஆவி என்று யாராவது ஆரம்பித்தால் எழுந்து போய்விடுகிற ஆள் நான். இப்போதும் அந்தப் பேச்சு எனக்குப் பிடிப்பதில்லை. ஆனால் அன்று மத்தியானம் கேரளாவில், வண்டிப்பெரியாரில் எங்கள் கடையில் நடந்தது நடந்ததுதான். நம்புவதும் நம்பாததும் உங்கள் இஷ்டம்.

கடை எனக்கும் முருகேசனுக்கும் சொந்தம். பதினெட்டு வருஷமாக அப்படித்தான் நினைத்திருந்தேன். எஸ்டேட் கூலிக்காரர்களின் வரிசை வீடுகளில், ஒரே லயத்தில் பக்கத்துப் பக்கத்து வீட்டில் வளர்ந்தவர்கள் நாங்கள். அவனை மலையாளப் பள்ளியில் சேர்த்தார்கள், என்னைத் தமிழில். கடைகளுக்கும் கோயில்களுக்கும் எழுத்து ஓடுகிற எல்.இ.டி. போர்டு செய்து மாட்டுவது தொழில். ஏணி, ஒயர், சால்டரிங் எல்லாம் நான், கம்ப்யூட்டரில் எழுத்துப் போடுவது அவன். கற்றுக்கொடு என்றால், "ஒனக்கு எதுக்குடே அந்தத் தலவலி? நீ ஏணில ஏறு, நான் எழுத்த ஏத்துறேன்" என்று சிரிப்பான். பஞ்சாயத்திலிருந்து மலையாளத்தில் எந்தக் காகிதம் வந்தாலும் அவன் விரல் வைத்த இடத்தில் தமிழில் கையெழுத்துப் போடுவேன். எங்கள் ஆட்களில் பாதிப் பேர் அப்படித்தான், படிக்கத் தெரிந்தவன் காட்டுகிற இடத்தில் போட்டுவிடுவோம்.

நெஞ்சுவலியில் முருகேசன் போய்விட்டான். பதினாறாம் நாள் காரியம் முடிந்ததும் அவன் மைத்துனர் வந்து கம்ப்யூட்டரை எடுத்துக்கொண்டார். "அண்ணாச்சி, கட அத்தான் பேர்லதான் இருக்கு. மாசக் கடைசிக்குள்ள சாவியக் குடுத்திருங்க" என்றார். லைசென்ஸில் ரெண்டு பேர் பேரும் இருக்கிறது, முருகேசனே சொல்லியிருக்கிறான் என்றேன். "அவரு சொன்னாரு, நீங்க கேட்டீங்க" என்றார். எனக்கு அவர் மேல்தான் கோபம் வந்தது, முருகேசன் மேல் சந்தேகம் வரவில்லை.

அடுத்து மாரியம்மன் கோயில் திருவிழாவுக்கு ஒரு போர்டு கொடுக்க வேண்டியிருந்தது. மதுரையிலிருந்து விடுமுறைக்கு வந்திருந்த அக்கா மகளின் லேப்டாப்பை வாங்கிக்கொண்டு கடைக்குப் போனேன். ஞாயிற்றுக்கிழமை, மத்தியானத்திலேயே எதிர்க்கடை மங்கலாகிற அளவுக்கு மூடுபனி. எழுத்துப் போடுகிற சாப்ட்வேரை அதில் ஏற்ற, கோயம்புத்தூரில் போர்டு சாமான் விற்கிறவர் போனிலேயே வழி சொன்னார். "லிங்க் அனுப்பியிருக்கேனுங்க, டவுன்லோட் குடுங்க. அப்புறம் எல்லாத்துக்கும் நெக்ஸ்ட், நெக்ஸ்ட்னு அமுக்கிட்டே போங்க, ஒண்ணும் வெடிச்சுறாதுங்க." நெட் இழுத்து இழுத்து ஒரு மணி நேரம் ஆயிற்று, பிறகு இன்ஸ்டால் ஆகி முடிந்தது, முதல் தடவையாகத் திறந்தேன்.

திரையில் கறுப்புப் பட்டையில் சிவப்பாக ஒரு வரி நின்றது. முன்னால் இரண்டு நட்சத்திரம், அப்புறம் மலையாள எழுத்து.

எந்த வரிக்கும் முன்னால் இரண்டு நட்சத்திரம் போடுவது முருகேசன் பழக்கம், வேறு யாரும் போட்டு நான் பார்த்ததில்லை. சத்தியமாகச் சொல்கிறேன், பயம் வரவில்லை, கண்ணில் தண்ணீர்தான் வந்தது. எனக்கு என்னவோ சொல்ல வந்திருக்கிறான் என்று நினைத்தேன், எனக்குத்தான் படிக்கத் தெரியவில்லையே. அந்த வரியைப் பென் டிரைவில் ஏற்றி, அன்று காலைதான் பெட்டி பிரித்த புதுப் போர்டில் செருகி, கடை வாசலில் வைத்தேன். பனிக்குள் சிவப்பாக ஓட ஆரம்பித்தது. எதிரே டீக்கடை வைத்திருக்கிற சூசம்மா சேச்சியைக் கூப்பிட்டேன்.

"சேச்சி, இதுல என்ன எழுதியிருக்கு?"

சேச்சி டம்ளரைக் கழுவிக்கொண்டே எட்டிப் பார்த்தாள். "மாரியப்பன் அறியருது. மாரியப்பனுக்குத் தெரியக் கூடாதாம். எந்தா மாரியப்பா, உனக்குத் தெரியக் கூடாதுன்னு நீயே ஓட்ட விட்டிருக்கே?"

டீ குடித்துக்கொண்டிருந்தவர்கள் சிரித்தார்கள்.

"வேற ஒண்ணும் இல்லையா சேச்சி?"

"இல்லப்பா. அதுதான் திரும்பத் திரும்ப ஓடுது."

கோயம்புத்தூர்க்காரருக்கு மறுபடி போன் செய்தேன். "புதுசா ஏத்துனதுல எழுத்தே இருக்காதுங்களே, காலியாத்தான் தொறக்குமுங்க" என்றார். அக்கா மகளுக்கு மலையாளம் ஒரு எழுத்துத் தெரியாது, முருகேசனை அவள் பார்த்ததுகூட இல்லை.

செத்தவன் வந்தான் என்றால்கூடப் பொறுத்துக்கொள்வேன். வந்தவன் என்னிடம் பேசவில்லை. என்னைப் பற்றி வேறு யாரிடமோ பேசியிருக்கிறான், அதையும் எனக்குத் தெரியாத எழுத்தில்.

அதை அழித்துவிட்டுக் கோயில் பேரை அடித்தேன். வரி போனது, நட்சத்திரம் இரண்டும் போகவில்லை. மூன்று தடவை சாப்ட்வேரையே எடுத்துவிட்டுத் திரும்ப ஏற்றிப் பார்த்துவிட்டேன். அக்கா மகள் எனக்கே விட்டுப்போன அந்த லேப்டாப்பில் இன்றைக்கும் புது வேலை என்று திறந்தால் அவை முன்னாலேயே வந்து நிற்கின்றன. இப்போதெல்லாம் அவற்றுக்குப் பின்னால்தான் எழுதுகிறேன்.

மறுநாள் திங்கட்கிழமை பஞ்சாயத்து ஆபீஸுக்குப் போனேன். கிளார்க் பைலைப் புரட்டிவிட்டு, லைசென்ஸ் முருகேசன் பேரில் மட்டும்தான் என்றார். என் பேரை எடுத்துவிடும்படி மலையாளத்தில் எழுதிய மனு ஒன்று இருந்தது. அதன் அடியில் தமிழில் என் கையெழுத்து. திரும்பி வந்து கோயிலில் போர்டை மாட்டினேன். சாயங்காலம் சாவியை முருகேசன் மைத்துனரிடம் கொடுத்தேன்.