எவர் மனத்தையும் நோகடிக்காதவர்

எண்பதுகளின் கடைசியில் லண்டன் ஸ்ட்ரெதமில் நாங்கள் ஒரு சிறுபத்திரிகை நடத்தினோம். நாங்கள் என்றால் நான்தான். பெட்ரோல் நிலையத்தில் ஷிப்ட் முடிந்து வந்தால் ஆசிரியர்.

பாரிஸ் உணவகமொன்றில் கோப்பை கழுவிக்கொண்டிருந்த என் பள்ளித் தோழன் ஒரு கட்டுரை அனுப்பினான். அப்போது இறந்துபோயிருந்த ஒரு பிரெஞ்சு அங்கதக் கலைஞரைப் பற்றியது. மனிதர் ஜனாதிபதி, பாதிரியார், இராணுவம் என்று யாரையும் விட்டுவைத்ததில்லை. வழக்குப் போட்டார்கள், வானொலியிலிருந்து விரட்டினார்கள், அடங்கவில்லை. தோழன் பிரெஞ்சு பழகியதே அவரைக் கேட்டுத்தான். அவர் தமிழராக இருந்திருந்தால் ஊரில் ஆயுதம் தூக்கிய எங்கள் இயக்கங்களை எப்படிக் கிண்டலடித்திருப்பார் என்று இரண்டு பக்கம் எழுதியும் காட்டியிருந்தான்.

பத்திரிகை விற்கும் கடைகளுக்கு இயக்கக்காரர் வந்துபோவார்கள். இரண்டு பக்கத்தையும் வெட்டினேன். மரண அறிவித்தல்கள் எழுதிப் பழகிய கைக்கு இடத்தை நிரப்புவது கஷ்டமாக இல்லை. ‘அன்னார் பழகுவதற்கு இனியவர், எவர் மனத்தையும் நோகடிக்காதவர்’ என்று முடித்து, கீழே தோழனின் பெயரையே போட்டேன்.

தொலைபேசியில் அழைத்தான்.

“மச்சான், அந்தாள் வாழ்நாள் முழுக்கச் செய்தது அதொண்டுதான். அதையே இல்லையெண்டு எழுதிப்போட்டாய்.”

பயந்துவிட்டேன் என்று சொல்லியிருக்கலாம். “பக்கத்தில இடம் போதாமல் போச்சு” என்றேன். அதன்பிறகு அவன் என்னுடன் பேசவில்லை.

தொண்ணூறுகளில் குடும்பத்தோடு லண்டன் லூயிஷாமுக்குக் குடிவந்தான். கோயிலில் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொள்வான். சில வருடங்களில் நெஞ்சுவலி வந்து போய்விட்டான். முப்பத்தோராம் நாள் கிரியைக்கு வருகிறவர்களுக்குக் கொடுக்கும் நினைவுப் புத்தகத்தை எழுதித்தரச் சொல்லி அவன் மனைவி என் வீட்டுக்கு வந்தார்.

“அண்ணை, கடைசிவரைக்கும் உங்களைத்தான் திட்டினவர். நீங்கள்தான் எழுதோணும்.”

அழுதுவிட்டேன். வெட்டிய பக்கங்கள் என் அலமாரியில்தான் இருந்தன. ‘அன்னார் பலர் மனத்தை நோகடித்தவர். இதை நான் பயந்து வெட்டினேன்’ என்று எழுதி, அதன்கீழ் அந்த இரண்டு பக்கங்களையும் ஒரு சொல் குறையாமல் போட்டேன்.

முப்பத்தோராம் நாள் மதியம் பந்தியில் இருந்த இயக்கக்காரர் மூன்று பேர் புத்தகத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டுச் சாப்பிடாமல் எழுந்தார்கள். அவன் இருந்திருந்தால் வாசல்வரை போய்க் கைகூப்பி வழியனுப்பியிருப்பான். அவனுக்காக நான் போனேன்.